ரிசீவர் கையில் இருந்த கடைத்தெரு

சென்ற பொதுக்குழுக் கூட்டம் முடிந்து, மாடிப்படி அருகே டீ குடித்துக்கொண்டிருந்தபோது, பி பிளாக் நண்பர் ஒருவர் என்னைத் தனியாக அழைத்தார். "சார், பாரிமுனைப் பக்கம் எங்க மாமனாருக்கு ஒரு கடைக் கட்டிடம் இருக்கு. அண்ணன் தம்பி கேஸ். கோர்ட்ல ரிசீவர் போட்டுட்டாங்க. இப்ப வாடகை யாருக்கு? கடைக்காரங்களுக்கு நோட்டீஸ் கொடுக்கிறது யாரு? ஒண்ணுமே புரியல," என்றார்.

அவருக்கு அங்கேயே பதில் சொல்ல முயன்றேன். பாதியில் லிஃப்ட் வந்துவிட்டது. வீட்டுக்கு வந்ததும் அப்பாவின் பழைய தகரப் பெட்டியை எடுத்துத் திறந்தேன். அதில் ஒரு கட்டு ரசீதுகள். ஒவ்வொன்றின் தலையிலும் கட்டிட உரிமையாளர் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு வழக்கு எண்ணும், அதன் கீழே 'ரிசீவர்' என்ற சொல்லும் கையெழுத்தும் இருக்கும். என் பள்ளிப் பருவம் முழுவதும் எங்கள் வீட்டில் அடிக்கடி கேட்ட சொல் அது. "ரிசீவர் ஆள் வந்தாரா?" "ரிசீவருக்குக் கட்டியாச்சா?"

இந்த இதழின் வரலாற்றுப் பக்கத்துக்கு இதையே எடுத்துக்கொள்ளலாம் என்று தோன்றியது. நம்மில் சிலர் கடை வாடகைக்கு விட்டிருக்கிறோம். சிலர் கடை எடுத்து நடத்துகிறோம். பலருக்குப் பூர்வீகச் சொத்தில் ஏதோ ஒரு பங்கு எங்கோ ஒரு வழக்கில் கிடக்கிறது. ஆகவே இது யாருக்கும் தூரத்துக் கதை இல்லை.

ரிசீவர் என்பவர் யார்?

இரண்டு பேர் ஒரு சொத்துக்காக வழக்காடுகிறார்கள். தீர்ப்பு வரப் பல ஆண்டுகள் ஆகும். அதுவரை அந்தச் சொத்தை யார் பார்த்துக்கொள்வது? ஒருவர் கையில் விட்டால் மற்றவர், "வாடகையை எல்லாம் அவனே தின்றுவிடுவான்" என்பார். இருவர் கையிலும் விட்டால் தினமும் சண்டை. இரண்டு தரப்பையும் விலக்கிவிட்டு, நீதிமன்றமே தன் சார்பில் ஒருவரை நியமித்து, "சொத்தை நீ பார்த்துக்கொள், வாடகையை வாங்கு, வரியைக் கட்டு, கணக்கை எங்களிடம் காட்டு" என்று சொல்வதுதான் ரிசீவர் ஏற்பாடு.

இது இங்கிலாந்தின் சான்சரி நீதிமன்றத்தில் வளர்ந்த வழக்கம். 1873-ல் அங்கே நீதிமன்றங்களைச் சீரமைத்த சட்டம், 'நியாயமாகவோ வசதியாகவோ' தோன்றினால் ரிசீவரை நியமிக்கலாம் என்றது. நம் நாட்டின் 1908-ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், அதாவது சி.பி.சி., தன் 40-ஆவது ஆணையில் அதே சொற்களைக் கொஞ்சம் மாற்றி, 'நியாயமாகவும் வசதியாகவும்' இருந்தால் என்று எழுதிக்கொண்டது. ஓர் எழுத்தில் உள்ள வித்தியாசம்தான். ஆனால் வசதி மட்டும் போதாது, நியாயமும் வேண்டும் என்ற பொருள் அதில் இருக்கிறது.

சென்னைக்கு இந்த வழக்கம் கப்பலில் வந்தது. 1726-ஆம் ஆண்டின் அரச சாசனப்படி இயங்கிய மேயர் நீதிமன்றம், பிறகு 1798-ல் ரெக்கார்டர் நீதிமன்றம், அதற்குப் பிறகு 1801-ல் தொடங்கிய சுப்ரீம் கோர்ட், கடைசியாக 1862-ல் இன்றைய உயர்நீதிமன்றம் என்று வரிசையாக ஆங்கிலேய நீதிமுறை இங்கே வேரூன்றியது. சொத்துத் தகராறில் நீதிமன்றம் தன் கையில் பணத்தையும் நிலத்தையும் எடுத்துக்கொள்ளும் பழக்கமும் கூடவே வந்தது.

நமக்குத் தெரிந்த உதாரணம் பச்சையப்ப முதலியார். அவர் 1794-ல் காலமானார். தன் செல்வத்தைத் தர்மத்துக்கு எழுதி வைத்திருந்தார். ஆனால் பணம் பல கைகளில் சிக்கி, வழக்குகள் கிளம்பி, கடைசியில் நீதிமன்றத்தின் தலையீட்டால் மீட்கப்பட்டது. மிச்சத் தொகையில் பள்ளி தொடங்கியது 1842-ல். ஒரு மனிதரின் உயிலுக்கும் அதனால் வந்த பள்ளிக்கும் இடையே ஏறக்குறைய அரை நூற்றாண்டு. நம் ஊர்ச் சொத்து வழக்குகளின் வேகம் அன்றிலிருந்தே இப்படித்தான்.

இன்னொன்று, நாம் கடற்கரை போகும்போதெல்லாம் பார்க்கும் சேப்பாக்கம் அரண்மனை. கர்நாடக நவாப் குலாம் கவுஸ் கான் 1855-ல் வாரிசின்றி இறந்தார். அவருக்கு ஏராளமான கடன். அந்தக் கடன்களைத் தீர்ப்பதற்காகவே 1858-ல் ஒரு தனிச் சட்டம் போட்டார்கள். நவாபின் உடைமைகளைக் கையில் எடுத்து விற்க ஒரு ரிசீவர் வந்தார். அரண்மனை ஏலத்துக்கு வந்து, அரசாங்கமே அதை வாங்கிக்கொண்டது. நவாபின் வீடு அரசு அலுவலகமான கதையிலும் ரிசீவர் ஒருவர் இருக்கிறார்.

ஜார்ஜ் டவுனும் பாகப்பிரிவினையும்

அரண்மனையும் தர்ம சொத்தும் அபூர்வம். நம் நகரத்தில் ரிசீவர் அதிகம் வந்து போன இடம் கடைத்தெரு. அதற்குக் காரணம் உண்டு.

ஜார்ஜ் டவுனின் பழைய கட்டிடங்களைப் பார்த்திருப்பீர்கள். கீழே வரிசையாகக் கடைகள், மேலே கிடங்கு அல்லது குடியிருப்பு, நடுவில் ஒரு முற்றம். ஒரே கட்டிடத்தில் பத்துப் பன்னிரண்டு வாடகைதாரர்கள். உரிமையாளர் ஒரு கூட்டுக் குடும்பத் தலைவர். அவர் இருக்கும்வரை வாடகை ஒரே கல்லாவுக்குப் போகும். அவர் கண் மூடியதும் மகன்கள், விதவை மருமகள், இரண்டாம் தாரத்துப் பிள்ளைகள் என்று உரிமை கேட்போர் வரிசை நீளும். பாகப்பிரிவினை வழக்கு வரும். கட்டிடத்தைச் சுவர் வைத்துப் பிரிக்க முடியாது. மாதாமாதம் ரொக்கமாக வரும் வாடகையைத்தான் உடனே பங்கு போட முடியும். சண்டையும் அதன் மேல்தான் வரும்.

நிலமாக இருந்தால் விளைச்சலை மறைக்கலாம், குறைத்துச் சொல்லலாம். கடை வாடகைக்கு ரசீது இருக்கும். கேட்டால் கடைக்காரர் சொல்லிவிடுவார். எனவே, "அண்ணன் மூன்று வருஷமாக வசூல் பண்ணுகிறார், ஒரு பைசா தரவில்லை, ரிசீவர் போடுங்கள்" என்று மனு போடுவது எளிது.

ஆனால் கேட்டவர்க்கெல்லாம் ரிசீவர் கிடைத்துவிடாது. இதில் சென்னை உயர்நீதிமன்றம் சொன்ன ஒரு தீர்ப்பு நாடு முழுவதும் இன்றும் எடுத்துக்காட்டப்படுகிறது. 1955-ஆம் ஆண்டு சட்ட இதழ்களில் வெளியான அந்தத் தீர்ப்பில் நீதிபதி ராமசாமி ஐந்து நெறிகளைத் தொகுத்து, அவற்றுக்கு 'பஞ்ச சதாசாரம்' என்றே பெயர் வைத்தார். ரிசீவர் நியமனம் நீதிமன்றத்தின் விருப்புரிமை. கேட்பவருக்கு வழக்கில் வெல்ல நல்ல வாய்ப்பு இருப்பதாகத் தோன்ற வேண்டும். சொத்துக்கு உடனடி ஆபத்து இருக்க வேண்டும். நியாயமாக அனுபவித்து வருபவரின் கையிலிருந்து அதைப் பிடுங்குவதாக இருக்கக் கூடாது. கேட்பவர் தாமதம் செய்யாமல், தன் பக்கம் களங்கமில்லாமல் வந்திருக்க வேண்டும். சட்டம் தரும் பரிகாரங்களில் இது மிகக் கடுமையானவற்றில் ஒன்று என்பதால்தான் இத்தனை வேலி.

நியமிக்கப்பட்ட ரிசீவருக்கும் வேலி உண்டு. 40-ஆவது ஆணையின்படி அவர் ஜாமீன் தர வேண்டும், குறித்த காலத்தில் கணக்கு ஒப்படைக்க வேண்டும், பாக்கியைக் கட்ட வேண்டும். வேண்டுமென்றே செய்த தவறாலோ பெரும் அலட்சியத்தாலோ நட்டம் வந்தால் அவரே பொறுப்பு. கணக்குக் காட்டாவிட்டால் அவருடைய சொந்தச் சொத்தையே ஜப்தி செய்யலாம். அவருடைய சம்பளத்தை நீதிமன்றம்தான் நிர்ணயிக்கும். நம் ஊரில் பெரும்பாலும் ஒரு வழக்கறிஞரைத்தான் ரிசீவராகப் போடுவார்கள். பம்பாய் உயர்நீதிமன்றத்தில் இதற்கென்றே 'கோர்ட் ரிசீவர்' என்று நிரந்தர அலுவலகம் இருக்கிறது.

அப்பாவின் கடை

இப்போது தகரப் பெட்டிக்கு வருகிறேன். அப்பாவுக்குப் பாரிமுனையிலிருந்து உள்ளே போகும் ஒரு தெருவில் பேரேடு, நோட்டுப்புத்தகம், காகிதம் விற்கும் சிறிய கடை. கட்டிட உரிமையாளர் எழுபதுகளின் நடுவில் காலமானார். மகன்கள் இருவர். ஆறு மாதத்துக்குள் வழக்கு. ஒரு நாள் காலை, கறுப்புக் கோட்டு அணிந்த ஒருவர் குமாஸ்தாவோடு வந்து, ஒவ்வொரு கடைக்கும் ஒரு கடிதம் கொடுத்தார். இனி வாடகையைத் தன்னிடமே செலுத்த வேண்டும் என்றும், வேறு யாரிடம் கொடுத்தாலும் செல்லாது என்றும் அதில் இருந்தது.

அப்பா கடிதத்தை வாங்கிக் கல்லாவில் வைத்தார். அடுத்த வாரம் மூத்த மகன் வந்தார். "அப்பா காலத்திலிருந்து எங்களோடு பழகுகிறீர்கள், இந்த ஒரு மாதம் மட்டும் கொடுங்கள், செலவுக்கு இல்லை" என்றார். கண்தாட்சண்யம். அப்பா கொடுத்துவிட்டார். மாதக் கடைசியில் ரிசீவர் ஆள் வந்து அதே மாத வாடகையைக் கேட்டார். மறுபடி கட்ட வேண்டியதாயிற்று. "ஒரே மாசத்துக்கு ரெண்டு வாடகை கட்டின முட்டாள் நான்" என்று அப்பா கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார்.

அவர் முட்டாள் இல்லை. நல்ல மனிதர். ஆனால் சட்டம் இந்த இடத்தில் நல்ல மனசைப் பார்ப்பதில்லை. யாருக்கு உரிமை என்று உண்மையிலேயே தெரியாமல், நல்லெண்ணத்தோடு பழைய உரிமையாளரிடம் வாடகை கொடுத்தவரைச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 50-ஆவது பிரிவு காப்பாற்றும். கடிதம் கைக்கு வந்த பிறகு, 'தெரியாது' என்று சொல்ல முடியாது.

அடுத்த கவலை முன்பணம். கடைக்குள் வரும்போது பழைய உரிமையாளரிடம் அப்பா பத்து மாத வாடகையை அட்வான்ஸாகக் கொடுத்திருந்தார். ரிசீவர், "அது என் கைக்கு வரவில்லை, என் கணக்கில் இல்லை" என்றார். அவர் சொன்னதில் தப்பில்லை. தன் கைக்கு வந்ததற்குத்தான் அவர் கணக்கு. ஆனால் முத்திரைத்தாளில் எழுதிய ஒப்பந்தம் அப்பாவிடம் இருந்தது. அதன் நகலை இணைத்து ரிசீவருக்கு ஒரு பதிவுத் தபால் அனுப்பினார். பின்னாளில் அந்தக் காகிதம்தான் பேசியது.

மூன்று சண்டைகள்

ரிசீவர் கட்டிடத்தில் வரும் வாடகைத் தகராறுகளைப் பார்த்தால், அவை மூன்று கேள்விகளில் அடங்கிவிடும். யாரிடம் கட்டுவது? எவ்வளவு கட்டுவது? யார் காலி செய்ய வைக்கலாம்?

முதல் கேள்விக்கு விடை எளிது. ரிசீவரை நியமித்த உத்தரவு வந்துவிட்டால் ரிசீவரிடம். அவர் தன் பெயரிலேயே வழக்குப் போட்டு வாடகையை வசூலிக்கலாம் என்று 1907-லேயே கல்கத்தா உயர்நீதிமன்றம் சொல்லிவிட்டது. சிக்கல் வருவது ரிசீவர் வருவதற்கு முந்தைய மாதங்களில். அண்ணன் ஒரு நோட்டீஸ், தம்பி ஒரு நோட்டீஸ். யாரிடம் கொடுத்தாலும் மற்றவர் 'பாக்கி' என்பார். இதற்காகவே தமிழ்நாட்டின் 1960-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில் 9-ஆவது பிரிவு இருந்தது. யார் வாங்க உரிமையுள்ளவர் என்பதில் உண்மையான ஐயம் இருந்தால், வாடகைதாரர் வாடகையை அதிகாரியிடம் செலுத்திவிடலாம். அது கட்டியதாகவே கணக்கு. இதைத் தெரிந்துவைத்திருந்த கடைக்காரர்கள் தப்பித்தார்கள். "அவர்கள் சண்டை முடியட்டும், பிறகு மொத்தமாகத் தருகிறேன்" என்று கையில் வைத்துக்கொண்டவர்கள் மாட்டினார்கள். ஏனென்றால் அதே சட்டத்தில், நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதமாகியும் கட்டாவிட்டால் அது 'வேண்டுமென்றே செய்த பாக்கி' ஆகிவிடும். கடை போய்விடும்.

இரண்டாவது கேள்வி, எவ்வளவு. இங்கேதான் வரலாறு கொஞ்சம் முரண்டு பிடிக்கிறது. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் நகரத்தில் இடநெருக்கடி. வாடகையை ஏற்றாமல் தடுக்க அவசர உத்தரவுகள் வந்தன. போர் முடிந்தும் அவை போகவில்லை. 1946-லும் 1949-லும் 1960-லும் சட்டங்களாக நிலைபெற்றன. தொடக்கக் காலச் சட்டங்களில் நியாய வாடகைக்கு அளவுகோல், 1940 ஏப்ரல் 1-க்கு முந்தைய 12 மாதங்களில் அந்தப் பகுதியில் நிலவிய வாடகை. பின்னர் முறை மாறி, நில மதிப்பும் கட்டிடச் செலவும் சேர்த்துக் கணக்கிட்டு, கடைகளுக்கு ஆண்டுக்கு 12 சதவீதம் என்று வந்தது. ஆனால் யாராவது மனு போட்டால்தான் அது நடக்கும். மனு போடாதவரை பழைய வாடகை பழைய வாடகைதான்.

ரிசீவர் கட்டிடங்களில் அந்த மனுவைப் போட யாருக்கும் அவசரம் இருக்காது. ரிசீவருக்கு அது தன் சொத்து இல்லை. மனுப் போட நீதிமன்ற அனுமதி வாங்க வேண்டும், செலவுக்குக் கணக்குச் சொல்ல வேண்டும். அண்ணனுக்கும் தம்பிக்கும் முழுக் கவனமும் ஒருவரையொருவர் தோற்கடிப்பதில். இப்படியே வருடங்கள் ஓடும். வெளியே தெருவில் வாடகை பல மடங்கு ஏறியிருக்கும். உள்ளே அதே ரசீது, அதே தொகை. வாடகைதாரருக்கு இது லாபம் போலத் தெரியும். ஆனால் அந்த வாடகையில் கூரை ஒழுகலை அடைக்கக்கூட மிச்சம் இருக்காது. எங்கள் கடையில் மழைக்காலத்தில் காகிதக் கட்டுகளுக்கு மேல் தார்ப்பாய் போட்டுத்தான் மூடி வைப்போம். ரிசீவரிடம் சொன்னால், "கோர்ட்டில் அனுமதி கேட்டிருக்கிறேன்" என்பார். அனுமதி வருவதற்குள் அடுத்த மழைக்காலம் வந்துவிடும். ஜார்ஜ் டவுனில் எத்தனையோ பழைய கட்டிடங்கள் இப்படித்தான் நொறுங்கின.

டீக்கடைக்காரர்

மூன்றாவது கேள்விதான் உயிர்நாடி. யார் காலி செய்ய வைக்கலாம், யாரை முடியாது?

வழக்குக்கு முன்பே வாடகைக்கு இருந்தவருக்குப் பயமில்லை. 40-ஆவது ஆணையின் முதல் விதியிலேயே ஒரு பாதுகாப்பு இருக்கிறது. வழக்கில் உள்ள தரப்பினருக்கு யாரை வெளியேற்ற உரிமை இல்லையோ, அவரை ரிசீவர் மூலம் நீதிமன்றமும் வெளியேற்றக் கூடாது. அதாவது ரிசீவர் உரிமையாளரின் இடத்தில் வந்து நிற்கிறார். அதற்கு மேல் அவருக்கு அதிகாரம் இல்லை. 1960-ஆம் ஆண்டுச் சட்டம் 'வீட்டு உரிமையாளர்' என்ற சொல்லுக்குத் தந்த விளக்கத்திலேயே ரிசீவரையும் சேர்த்திருந்தது. ஆகவே அவர் காலி செய்யச் சொன்னாலும் அந்தச் சட்டத்தில் உள்ள காரணங்களைக் காட்டித்தான் ஆக வேண்டும்.

ஆனால் ரிசீவர் வந்த பிறகு உள்ளே வந்தவர் கதை வேறு. எங்கள் கட்டிடத்தின் ஓரத்தில் மாடிப்படிக்குக் கீழே ஓர் இடம் காலியாக இருந்தது. ரிசீவரிடம் வேலை பார்த்த குமாஸ்தா அதை ஒருவருக்கு டீக்கடை வைக்கக் கொடுத்தார். மாதம் தவறாமல் வாடகை. ரசீது சில மாதம் கிடைக்கும், சில மாதம் கிடைக்காது. அவர் டீக்கடை போட்டு, ஒரு பையனைப் படிக்க வைத்தார். கடை எங்களுடையதைவிட நன்றாக ஓடியது. அந்த இடத்தை வாடகைக்கு விட நீதிமன்றத்திடம் யாரும் அனுமதி கேட்கவில்லை என்பது அவருக்குத் தெரியாது. கேட்க வேண்டும் என்பதே அவருக்குத் தெரியாது.

வழக்கு முடிந்தது. கட்டிடம் இளைய மகன் பங்குக்குப் போனது. அவர் நீதிமன்றத்தில் ஒரு மனு போட்டார். டீக்கடைக்காரருக்குத் தனியாக வழக்கு, வாடகைக் கட்டுப்பாட்டு நீதிமன்றம், மேல்முறையீடு எதுவுமே இல்லை. ஒரு சில வாரங்களில் பாய்லரையும் பெஞ்சையும் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு போனார். போகும்போது அப்பாவிடம், "நானும் வாடகை கட்டினேனே அண்ணாச்சி" என்றார். அப்பாவிடம் அதற்குப் பதில் இல்லை.

அவர் விஷயத்தில் சட்டம் என்ன சொல்கிறது என்பது எனக்குப் பின்னால்தான் புரிந்தது. 1990-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த ஒரு கல்கத்தா வழக்கு இதற்கு முன்னுதாரணம். ரிசீவர்கள் கையில் இருந்த ஒரு சொத்தில் கிரிண்ட்லேஸ் வங்கி பழைய வாடகைதாரர். வங்கி தன் இடத்தில் ஒரு பகுதியை விட்டுக்கொடுக்க, ரிசீவர்கள் அந்தப் பகுதிக்கு வேறொரு நிறுவனத்தை நேரடி வாடகைதாரராக ஏற்றுக்கொண்டார்கள். நீதிமன்ற அனுமதி வாங்கவில்லை. புதிய வாடகைதாரர், "மேற்கு வங்க வாடகைச் சட்டம் என்னைக் காக்கும்" என்று வாதாடினார். காக்காது என்றது உச்ச நீதிமன்றம். நீதிமன்ற உத்தரவை மீறி ரிசீவர் உண்டாக்கிய வாடகை உரிமைக்கு அந்தச் சட்டத்தின் நிழல் கிடையாது. அப்படி வந்தவரைச் சுருக்கமான முறையிலேயே வெளியேற்றலாம்.

கேட்கக் கடுமையாக இருக்கும். ஆனால் மறுபக்கத்தையும் பாருங்கள். ரிசீவர் தன் இஷ்டத்துக்கு ஆள்களைக் குடிவைத்து, அவர்களெல்லாம் நிரந்தர வாடகைதாரர்கள் ஆகிவிட்டால், வழக்கில் ஜெயித்தவருக்குக் கையில் கிடைப்பது வெறும் காகிதம். பாதுகாக்கச் சொல்லிக் கொடுத்த சொத்தைப் பாதுகாத்தவரே கரைத்துவிடுவார். பம்பாயில் இதற்கு ஒரு தந்திரமான வழி வைத்திருக்கிறார்கள். கோர்ட் ரிசீவர் ஒருவரை உள்ளே இருக்கவிட்டால், அவரைத் தன் 'ஏஜென்ட்' என்றும், அவர் தரும் தொகையை 'ராயல்டி' என்றும் எழுதுவார்கள். வாடகை என்ற சொல்லே வராது. சொல் வராவிட்டால் உரிமையும் வராது என்ற கணக்கு.

உச்ச நீதிமன்றத்தின் இன்னொரு தீர்ப்பும் தெரிந்திருக்க வேண்டியது. ரிசீவர் மீது யாராவது வழக்குப் போட வேண்டுமானால், அவரை நியமித்த நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். அனுமதி இல்லாமல் அவருடைய பொறுப்பில் தலையிடுவது நீதிமன்ற அவமதிப்பு ஆகலாம். ஆனால் 1977-ல் எவரெஸ்ட் நிலக்கரி நிறுவன வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர், இந்த அனுமதியைக் கஞ்சத்தனம் இல்லாமல் தர வேண்டும் என்றும், முதலில் வாங்காமல் விட்டிருந்தாலும் வழக்கு நடக்கும்போதே வாங்கிக்கொள்ளலாம் என்றும் தெளிவாக்கினார். ரிசீவர் நீதிமன்றத்தின் கைதானே தவிர, கேள்வி கேட்க முடியாத ஆள் இல்லை. கூரை ஒழுகியபோது நாங்கள் நேரே நீதிமன்றத்துக்கு ஒரு மனு எழுதியிருக்கலாம். அன்று எங்களுக்கு யாரும் சொல்லவில்லை.

இப்போது நிலைமை

1960-ஆம் ஆண்டுச் சட்டம் இப்போது இல்லை. அதன் இடத்தில் 2017-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில உரிமையாளர் மற்றும் வாடகைதாரர் உரிமைகள், பொறுப்புகள் ஒழுங்குமுறைச் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. வீடு, கடை இரண்டுக்கும் பொருந்தும். எழுத்து மூலமான ஒப்பந்தமும் அதைப் பதிவு செய்வதும் இன்று கட்டாயம். வாடகையை இரு தரப்பும் பேசி முடிவு செய்கிறார்கள். உறைந்துபோன வாடகையின் காலம் பெரும்பாலும் முடிந்துவிட்டது. ஆனால் அண்ணன் தம்பி வழக்குகள் முடியவில்லை. ரிசீவரும் இருக்கிறார்.

எனவே பி பிளாக் நண்பருக்கும், அவரைப் போன்றவர்களுக்கும், வரலாற்றிலிருந்து எடுத்த சில பாடங்கள். இது சட்ட ஆலோசனை இல்லை. உங்கள் விஷயத்துக்கு வழக்கறிஞரைக் கட்டாயம் கேளுங்கள்.

கடை எடுத்து நடத்துபவராக இருந்தால்: ரிசீவர் என்று சொல்லி யார் வந்தாலும் நீதிமன்ற உத்தரவின் நகலைக் கேட்டு வாங்குங்கள். அதில் அவருக்கு என்னென்ன அதிகாரம் என்று எழுதியிருக்கும். வாடகையை வங்கி வழியாகவே கட்டுங்கள். வழக்கு எண் எழுதிய ரசீது இல்லாமல் ஒரு மாதமும் விடாதீர்கள். முன்பணம் கொடுத்திருந்தால் அதை முதல் மாதமே எழுத்தில் தெரிவியுங்கள். உரிமையாளர்கள் சண்டையில் இருந்து, ரிசீவர் இன்னும் வரவில்லை என்றால், வாடகையைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருக்காதீர்கள். செலுத்தும் சட்ட வழியைக் கேட்டுச் செலுத்திவிடுங்கள். ரிசீவரிடமிருந்து புதிதாக இடம் எடுப்பதாக இருந்தால், நீதிமன்றம் அனுமதித்த உத்தரவைக் கண்ணால் பார்க்காமல் ஒரு ரூபாயும் முதல் போடாதீர்கள்.

சொத்தில் பங்குள்ளவராக இருந்தால்: ரிசீவர் வந்துவிட்டார், இனி நிம்மதி என்று நினைத்துவிடாதீர்கள். அவருடைய சம்பளம் அந்த வாடகையிலிருந்துதான் போகும். அவர் தாக்கல் செய்யும் கணக்கை ஒவ்வொரு முறையும் வாங்கிப் படியுங்கள். வாடகையைத் திருத்தவோ பழுது பார்க்கவோ அவர் அனுமதி கேட்டால், அண்ணன் கேட்டார் என்பதற்காகத் தம்பி எதிர்க்க வேண்டாம். ஒழுகும் கூரை இருவர் பங்கிலும் ஒழுகும். முடிந்தால் உட்கார்ந்து பேசிச் சமரசத்துக்கு வாருங்கள். உயர்நீதிமன்ற வளாகத்திலேயே சமரச மையம் இருக்கிறது.

அப்பா அந்தக் கடையில் தொண்ணூறுகளின் நடுவரை இருந்தார். இளைய மகன் இடத்தைத் திரும்பக் கேட்டபோது, பதிவுத் தபால் நகலையும் பழைய ஒப்பந்தத்தையும் எடுத்து மேசைமேல் வைத்தார். அவரும் தகராறு செய்யாமல் முன்பணத்தை எண்ணிக் கொடுத்தார். அன்று மாலை வீட்டுக்கு வரும்போது அப்பாவின் கையில் இருந்தவை ஒரு பை நிறையக் காகிதங்களும் கடையின் பெயர்ப் பலகையும். பலகை எங்கே போயிற்றோ தெரியவில்லை. ரசீதுகள் மட்டும் தகரப் பெட்டியில் பத்திரமாக இருக்கின்றன. ஒன்றுகூட விட்டுப்போகவில்லை. மூத்த மகனுக்குக் கொடுத்த அந்த ஒரு மாதத்துக்கு மட்டும் ரசீது இல்லை.

உங்கள் குடும்பத்திலும் இப்படி ஒரு கடை, ஒரு வழக்கு, ஒரு ரசீதுக் கட்டு இருக்கக்கூடும். இருந்தால் சங்க அலுவலகத்தில் சொல்லுங்கள். பெயர் வேண்டாம், கதை போதும். அடுத்த இதழில் பேசுவோம்.